மையின் பற்று யார் கணக்கில்?

வாசகர் கேள்வி:

ஐயா, வணக்கம். நான் தேவகோட்டையைச் சேர்ந்தவள், வயது 31. முதன்முதலாக ஒரு குறுநாவல் எழுதிவருகிறேன். அதில் உமையாள் என்ற பெண், விலைபேசி இடிக்கப்போகிற தன் பூர்வீக வீட்டின் பெட்டகத்தில் ஒரு மைப்புட்டியையும், இரங்கூன் கடையின் பழைய பேரேடு ஒன்றையும் கண்டெடுக்கிறாள். அந்த மையால் பேரேட்டில் எதை எழுதினாலும் அதுவே நடந்ததாகிவிடும். 1942-இல் பர்மாவிலிருந்து கால்நடையாகப் புறப்பட்டு வழியில் காணாமல்போன பாட்டையா (கொள்ளுத்தாத்தா) சொக்கலிங்கத்தை அவள் அந்த மையால் ஊருக்கு வரவழைக்கிறாள். பிறகு போன சொத்தை மீட்கிறாள், வீட்டையும் காப்பாற்றுகிறாள். ஒன்பதாம் அத்தியாயத்தோடு கதை நின்றுவிட்டது. படித்த தோழிகள், "எல்லாவற்றையும்தான் மாற்றிவிடலாமே, இனி என்ன பயம்?" என்கிறார்கள். அந்த மை எதனால் ஆனதாக இருந்தால் நம்பும்படி இருக்கும்? நடந்தது மாறிவிட்டால், பழையது எங்கே மிஞ்சும்? இவளை எங்கே நிறுத்துவது? எங்கள் வீட்டிலும் உண்மையாகவே ஒரு பேரேடு இருக்கிறது; அதைப் பார்த்துத்தான் இந்தக் கதை தோன்றியது. பழைய ஏடுகளைப் பாதுகாக்கும் தொழிலில் இருப்பவர் என்பதால் உங்களிடம் கேட்கிறேன். முதல் மூன்று அத்தியாயங்களையும் மற்றவற்றின் சுருக்கத்தையும் இணைத்துள்ளேன்.

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு வணக்கம்.

நீங்கள் அனுப்பிய மூன்று அத்தியாயங்களையும் இரண்டு முறை படித்தேன். வளவுக்குள் வெயில் சதுரமாக விழுகிற இடமும், விலைபேச வந்தவர்கள் பர்மாத் தேக்குத் தூண்களை விரலால் தட்டிப் பார்க்க, அப்பத்தா அதைக் காணச் சகியாமல் இரண்டாம் கட்டுக்குள் போய்விடுகிற இடமும் என்னை வெகுநேரம் நிறுத்திவைத்தன. கதை எழுதுவது என் தொழில் இல்லை. நைந்த தாளை நேர்செய்து, மை அரித்த எழுத்து மேலும் அரிபடாமல் காப்பதே என் தொழில். ஆகவே மையையும் பேரேட்டையும் பற்றி எனக்குத் தெரிந்ததைக் கொண்டே பதில் சொல்கிறேன். உங்கள் கதை ஒன்பதாம் அத்தியாயத்தில் நின்றுபோனதன் காரணமும் அங்கேதான் இருக்கிறது என்று நினைக்கிறேன்: உமையாள் வரவாகவே எழுதிக்கொண்டு போகிறாள், எந்த வரவுக்கும் பற்று எழுதப்படவில்லை.

நகரத்தாரின் (நாட்டுக்கோட்டைச் செட்டியார்களின்) வட்டிக்கடைகளில் அன்றன்றைய கொடுக்கல் வாங்கல் முதலில் சிட்டையில் ஏறும். பிறகு ஆள்வாரியாகப் பேரேட்டுக்குப் போகும். கணக்கு முடிக்கும்போது ஐந்தொகையாகத் திரளும். ஒருவர் பெயரில் வரவான தொகை இன்னொருவர் பெயரில் பற்றாகியே தீரவேண்டும். ஐந்தொகையின் இரு பக்கமும் ஒத்துவராவிட்டால் "கணக்கு உதைக்கிறது" என்பார்கள். உதைக்கிற கணக்கை வைத்துக்கொண்டு எந்த மேலாளும் நிம்மதியாகத் தூங்கப் போகமாட்டார். உங்கள் மை நாட்குறிப்பிலோ வெற்றுத்தாளிலோ எழுதப்பட்டிருந்தால் அது எந்த ஊர்க் கதையாகவும் இருந்துவிடலாம். பேரேட்டில் எழுதப்படுவதால்தான் அது செட்டிநாட்டு மை ஆகிறது. நீங்கள் பேரேட்டைத் தேர்ந்தெடுத்துவிட்டு அதன் சட்டத்தை மட்டும் வெளியே விட்டுவிட்டீர்கள். காலத்தையே திருத்துகிற மையாக இருந்தாலும், ஐந்தொகை நேராக வேண்டும் என்ற ஒரு விதிக்கு அது கட்டுப்பட்டதாக வைத்துக்கொள்ளுங்கள். உமையாள் வரவை எழுதுகிறாள். பற்றை மை தானே எழுதிக்கொள்கிறது. யார் பெயரில் எழுதியது என்பது பொழுது விடியும்வரை அவளுக்குத் தெரியாது.

அந்தப் பெயர் யாருடையது என்பதையும் நீங்களே எழுதிவைத்திருக்கிறீர்கள். இரண்டாம் அத்தியாயத்தில், பாட்டையா திரும்பி வராததால், 1945-இல் பங்காளி வீட்டிலிருந்து ஒரு பையனைப் பிள்ளை கூட்டிக்கொண்டார்கள் (தத்தெடுத்தார்கள்) என்று ஒரே வரியில் சொல்லிப் போகிறீர்கள். அந்தப் பையன்தான் உமையாளின் ஐயா, அதாவது அப்பாவின் அப்பா. பாட்டையா 1941-இலேயே ஊர் வந்து சேர்ந்திருந்தால், அவர் மனைவியான ஆச்சி பிள்ளை கூட்டியிருக்க வேண்டிய அவசியம் என்ன? பையன் தன் பெற்றோர் வீட்டிலேயே வளர்ந்திருப்பான். அவன் வம்சம் வேறு ஒரு வளவில் தழைத்திருக்கும். இந்த வீட்டில், இந்தப் பெட்டகத்தின் முன்னால், புட்டியைத் திறக்கும் உமையாளுக்கு உட்காரும் உரிமையே இல்லாமல் போயிருக்கும். பாட்டையாவின் வரவு உமையாளின் பற்று. தோழிகள் கேட்ட பயம் வெளியிலிருந்து வரவேண்டியதில்லை. உங்கள் இரண்டாம் அத்தியாயத்தில் அது 1945-லிருந்து காத்துக்கொண்டிருக்கிறது. அந்த ஒற்றை வரியை ஓர் அத்தியாயமாகவே விரித்து எழுதுங்கள் என்பதுதான் நான் முதலில் சொல்ல விரும்புவது.

இனி மைக்கு வருகிறேன். உங்கள் படியில் அது "நட்சத்திரத் துகள் கலந்த நீலமை" என்று இருக்கிறது. அதை எடுத்துவிடுங்கள். கடுக்காய், அன்னபேதி (இரும்புச் சல்பேட்), கருவேலம் பிசின், கிணற்று நீர் ஆகிய நான்கும் போதும். கடுக்காய்க்குப் பதில் மாசிக்காயும் ஆகும். எல்லாம் நாட்டுமருந்துக்கடைச் சரக்குகள். காயிலுள்ள துவர்ப்பும் அன்னபேதியிலுள்ள இரும்பும் சேர்ந்து கருப்பாகின்றன. பிசின் அந்தக் கருப்பைத் தாளில் பிடித்துவைக்கிறது. ஐரோப்பாவில் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக மாசிக்காயைக் கொண்டு இதே முறையில்தான் ஆவணங்கள் எழுதப்பட்டன. கடுக்காய் உங்கள் கதைக்கு இன்னொரு வகையிலும் பொருத்தமானது. பழைய வீடுகளின் சுண்ணாம்புக் காரையில் கடுக்காய் நீர் சேர்ப்பதுண்டு. சுவர் எந்தக் காயால் இறுகியதோ, அதே காயால் எழுதிய எழுத்து அந்தச் சுவரை இளகச் செய்கிறது என்று எழுதும் வாய்ப்பை நான் என்றால் விடமாட்டேன்.

இந்த மையிடம் ஓர் அதிசயம் உண்டு. அதை நான் பணியில் சேர்ந்த புதிதில் முதன்முதலாகக் கண்டபோது சிலிர்த்தது இன்னும் நினைவில் இருக்கிறது. வேறு சாயம் எதுவும் சேர்க்காமல் காய்ச்சி வடித்த புது மையால் எழுதினால், எழுதும் கணத்தில் எழுத்து வெளிறிய சாம்பல் நிறமாக, இருக்கிறதோ இல்லையோ என்னும்படி இருக்கும். காற்று பட்டு, இரும்பு மெல்ல நிலைமாற மாற அது கருத்துக்கொண்டே போகும். மறுநாள் பார்த்தால் திண்ணமான கருப்பு. ஆக, எழுதியது உண்மையாவதற்கு ஓர் இரவு வேண்டும் என்ற விதியை நீங்கள் கற்பனை செய்யவே வேண்டாம், மையே தருகிறது. வெளிறிக் கிடக்கும் அந்தச் சில மணி நேரம் நடந்ததும் நடவாததும் ஒருசேர இருக்கும் நேரம். அப்போது எழுத்து நீரில் கரையும் நிலையில் இருப்பதால் ஈரத்துணியால் ஒற்றி எடுத்துவிடலாம்; கருத்தபின் எடுக்க ஆக்சாலிக் அமிலம் போன்ற கடுமையான பொருள் வேண்டும், அதுவும் தாளைக் காயப்படுத்தும். உங்கள் நான்காம் அத்தியாயத்தில் அவள் எழுதியவுடனேயே வாசலில் செருப்புச் சத்தம் கேட்பதாகக் குறித்திருக்கிறீர்கள். சத்தம் கேட்கவேண்டாம். எழுத்து கருப்பதை விளக்கு வெளிச்சத்தில் ஒரு பெண் பார்த்துக்கொண்டே இருக்கட்டும். ஈரத்துணி அவள் கையெட்டும் தூரத்தில் இருக்கட்டும்.

இந்த மைக்கு ஒரு கொடுமையும் உண்டு. பல பத்தாண்டுகள் கழித்து அது பழுப்பாகி, தன்னிடமுள்ள அமிலத்தாலும் இரும்பாலும் தாளைத் தின்னத் தொடங்கும். அன்னபேதியில் மயில்துத்தம் (செம்புச் சல்பேட்) கலந்திருந்தால் அரிப்பு இன்னும் விரைவு. முதலில் எழுத்து தாளின் பின்பக்கத்தில் பழுப்பு நிழலாகத் தெரியும்; பிறகு வெடிக்கும்; கடைசியில் எழுத்தின் வடிவத்திலேயே தாள் உதிர்ந்து ஓட்டையாகும். மாகாணி, அரைக்கால் என்னும் பழைய பின்னக் குறிகள் இருந்த இடங்கள் சன்னல்களாகி, அடுத்த பக்கத்து ஆளின் பற்று அவற்றின் வழியாகத் தெரியும் ஏடுகளை நான் கையில் வைத்திருக்கிறேன்.

அந்த அடுத்த பக்கத்தைப் பற்றி நீங்கள் கட்டாயம் யோசிக்க வேண்டும். சொத்தை மீட்கும் ஏழாம் அத்தியாயத்தைச் சுருக்கமாகச் சொல்லியிருக்கிறீர்கள். பர்மாவில் போன வயல்களெல்லாம் திரும்பக் குடும்பத்துக்கே வந்துவிடுகின்றன. அந்த வயல்கள் எப்படி வந்தன? 1930-களில் உலகமே விலைவீழ்ச்சியில் அகப்பட்டு, நெல் விலை சரிந்து, கடன் வாங்கிய பர்மிய விவசாயிகளால் திருப்பிக் கட்ட முடியாமல் போனபோது, அடமான நிலங்கள் கடைகளின் கைக்கு வந்தன. கீழ்ப் பர்மாவின் 13 முக்கிய நெல் மாவட்டங்களில் 1930-இல் சுமார் 6 சதவீத நிலமே செட்டியார்கள் கையில் இருந்தது. 1938-இல் அது சுமார் 25 சதவீதமானது. கடைக்காரர்கள் விரும்பியது பணத்தை. வந்து சேர்ந்தது வயல். இதில் ஊரிலிருந்த பெண்களுக்கு ஒன்றும் தெரியாது, போனவர்கள் பட்ட துன்பமும் பொய்யில்லை. ஆனாலும் பேரேட்டின் ஒரு தாளில் முன்பக்கம் சொக்கலிங்கத்தின் கடை என்றால், அதே தாளின் பின்பக்கம் ஐராவதிக் கழிமுகத்தில் உழுத ஒருவரின் பற்றுக் கணக்கு. முன்பக்கத்தில் எழுதிய மை பின்பக்கம் ஊறும். உமையாள் வயலை வரவு வைத்த அன்றைக்கு, பின்பக்கத்தில் அந்த மனிதரின் பெயர் ஓட்டையாகிப்போவதை அவள் பார்க்கும்படி செய்தால், ஏழாம் அத்தியாயம் வெற்றிக் கதையாக இருக்காது. அவள் முதன்முதலாகப் பேனாவைக் கீழே வைக்கும் அத்தியாயமாக இருக்கும். இதை நான் உங்களிடம் வற்புறுத்தியே கேட்டுக்கொள்கிறேன், ஏனென்றால் நம் வீட்டுத் துயரத்தைச் சொல்லும் கதைகளில் அந்தப் பக்கத்து மனிதர் பெரும்பாலும் வருவதேயில்லை.

பழையது எங்கே மிஞ்சும் என்ற உங்கள் இரண்டாவது கேள்விக்கு விடை வீட்டிலேயே இருக்கிறது: ஓலை. தாளில் மை மேலே படிகிறது. ஓலையில் எழுத்தாணி கீறுகிறது. கீறிய எழுத்து வெறும் கண்ணுக்கு எடுப்பாகத் தெரியாது என்பதால், கரியோடு மஞ்சள், கோவையிலைச் சாறு, ஊமத்தையிலைச் சாறு போன்றவற்றைத் தடவித் துடைப்பார்கள். கருப்பு கீறலுக்குள் தங்கி எழுத்து வெளிப்படும். இதற்கு மையாடல் என்று பெயர். அதாவது ஓலையைப் பொறுத்தவரை மைக்கு எழுதும் அதிகாரம் கிடையாது. ஏற்கெனவே கீறப்பட்டதைக் காட்டும் வேலை மட்டுமே அதற்கு உண்டு. உங்கள் மாய மையும் ஓலையில் தோற்கட்டும். பேரேட்டில் பாட்டையா 1941-இல் வந்து சேர்ந்துவிட்டார். வீட்டில் எல்லோரும் அப்படியே நினைவுகூர்கிறார்கள். ஆனால் பெட்டகத்தின் அடித்தட்டில் கிடக்கும் ஓர் ஓலைச் சுருளில், பிள்ளை கூட்டிய செய்தி கீறப்பட்டபடியே இருக்கிறது. உமையாள் அந்த மையையே ஓலையில் தடவித் துடைக்கிறாள். தான் அழித்த தன் ஐயாவின் பெயரை அந்த மையே அவளுக்குக் காட்டுகிறது. ஏடெழுதியவர்கள் ஓலை கிழியுமென்று அஞ்சி மெய்யெழுத்துக்குப் புள்ளி வைப்பதில்லை. நகரத்தார் கோயில் கணக்கிலோ ஒரு குடும்பத்துக்கே புள்ளி என்று பெயர். புள்ளியில்லாத ஓலையில் தன் குடும்பத்துப் புள்ளியைத் தேடுகிற அந்தப் பெண்ணை நீங்கள் என்னைவிட நன்றாக எழுதுவீர்கள்.

தாளிலும் முழு அழிப்பு நடக்காது என்பதையும் சேர்த்துக்கொள்ளலாம். 1229-இல் ஒருவர் ஆர்க்கிமிடீஸின் நூல் எழுதப்பட்டிருந்த தோலேட்டைச் சுரண்டி, அதன்மேல் வழிபாட்டு நூல் எழுதினார். ஏறக்குறைய 800 ஆண்டுகளுக்குப் பின், பல அலைநீள ஒளிகளாலும் எக்ஸ் கதிராலும் பார்த்தபோது, பழைய மையிலிருந்த இரும்பு கீழே கிடந்த கணிதத்தைக் காட்டிக்கொடுத்தது. எங்கள் மேசையிலும் புற ஊதா விளக்கின் கீழ், மங்கிப்போன இரும்பு மை கருத்து எழுந்து நிற்கும்.

காலக் குழப்பத்துக்கு ஒரு வழி சொல்கிறேன். இதை நினைத்தபோது எனக்கே உற்சாகமாகிவிட்டது. நீங்கள் பேரேட்டில் ஆங்கிலத் தேதி போட்டிருக்கிறீர்கள். அந்தக் காலத்துக் கணக்கில் தமிழ் வருடமும் மாதமும் வரும். இரங்கூனில் முதல் குண்டு விழுந்த 1941 டிசம்பர் 23, விசு வருடம் மார்கழி. நகரம் ஜப்பானியர் வசமான 1942 மார்ச் 8, அதே விசு வருடம் மாசி. தமிழ் வருடப் பெயர் 60 ஆண்டுக்கு ஒருமுறை திரும்பி வரும். 2001 சித்திரையில் தொடங்கி 2002 பங்குனியில் முடிந்ததும் விசுதான். உங்கள் கதையை இன்றைய தேதியில் வைக்காமல் 2002 மாசியில் வையுங்கள். உமையாள், குண்டு விழுவதற்கு முன்பே பாட்டையா கப்பலேறிவிடட்டும் என்று, "விசு வருஷம் ஐப்பசி மாதம் சொக்கலிங்கம் ஊர் வந்து சேர்ந்தது" என்று எழுதுகிறாள். எந்த விசு என்பது மைக்கு எப்படித் தெரியும்? அது போதாதென்று, பேரனுக்கு ஐயா பெயரை வைப்பது உங்கள் பக்கத்து வழக்கம். அப்படியானால் பிள்ளையாக வந்தவரின் மூத்த மகன், அதாவது உமையாளின் அப்பச்சி (அப்பா), அவரும் சொக்கலிங்கம்தானே? மூன்றாம் அத்தியாயத்தில் அவர் கோலாலம்பூரில் வேலையில் இருக்கிறார். ஒரே வரி 1941-இலும் 2001-இலும் ஒருசேரப் பலிக்கிறது. விடிந்ததும், நான்கு மாதமாக வேலையில்லாமல் ஊரோடு வந்து கிடக்கிற அப்பச்சி திண்ணையில் உட்கார்ந்திருக்கிறார். அவரும் அந்த ஐயாவின் மகன் என்பதால், கருக்கக் கருக்க அவர் நிலையும் ஆட்டம் காண்கிறது. இந்த ஒரு குழப்பம் போதும். படியில் நீங்கள் வைத்திருக்கும் மற்ற நான்கு காலத் தாவல்களும் தேவைப்படாது.

வெற்றிலையில் மை தடவிப் பார்க்கிற மந்திரவாதியை ஆறாம் அத்தியாயத்தில் கொண்டுவந்திருப்பதாகக் குறிப்பிட்டிருக்கிறீர்கள். வேண்டாம். அந்த மை காணாமல்போனதைப் பார்ப்பதற்கு. உங்கள் மை நடந்ததை மாற்றுவதற்கு. இரண்டும் ஒரு கதையில் இருந்தால் இரண்டுமே வலிமை இழக்கும்.

அவளை எங்கே நிறுத்துவது என்று கேட்டிருந்தீர்கள். ஈரத்துணியும் வெளிறிய எழுத்துமாக அவள் உட்கார்ந்திருக்கும் அந்த இரவில்தான் என்பது என் எண்ணம். தமு வழியாக மணிப்பூருக்கும், அரக்கான் மலைகளைத் தாண்டியும் நடந்த இலட்சக்கணக்கானோரில் ஒருவரான அவரை வரவழைத்தால் தான் இல்லை. தான் இருக்கவேண்டுமானால் அவர் அந்தக் காட்டுவழியில் விழுந்தவராகவே இருக்கவேண்டும். இவற்றில் எதை அவள் தேர்ந்தாள் என்பதை நான் சொல்லக்கூடாது. ஆனால் மூன்றாவதாக ஒரு பதிவுக்குப் பேரேட்டில் இடமுண்டு என்பதை மட்டும் நினைவூட்டுகிறேன். வரவில்லாமல், பற்றில்லாமல், யாருடைய தொகையையும் தொடாமல், ஓரத்தில் ஒரு குறிப்பாக, அவர் புறப்பட்ட நாளையும் அவர் பெயரையும் எழுதிவைக்க முடியும். சொல்லப்போனால் உங்கள் படியில் அவர் இறந்த நாள் எங்கும் பதிவாகவில்லை. திதி கொடுக்க நாள் தெரியாமல் அப்பத்தா தவிப்பதை நீங்களே முதல் அத்தியாயத்தில் எழுதியிருக்கிறீர்கள்.

எழுதுவதற்கு முன் ஒருமுறை அந்த மையைக் காய்ச்சிப் பாருங்கள். மூன்று பங்கு காய்க்கு இரண்டு பங்கு அன்னபேதி, ஒரு பங்கு பிசின் என்பது பழைய ஐரோப்பியக் கணக்கு. சமையலுக்குப் பயன்படுத்தாத மண்சட்டியில், குழந்தைகள் கைக்கு எட்டாத இடத்தில் செய்யுங்கள். துணியில் பட்டால் போகாது. இரவில் ஒரு வரி எழுதி, அது கருப்பதை ஒரு மணிக்கு ஒருமுறை பார்த்துக் குறித்துக்கொள்ளுங்கள்.

உங்கள் வீட்டுப் பேரேட்டின் மேல் மட்டும் அந்த மையின் ஒரு சொட்டும் படவேண்டாம். அதில் ஈரம் படாமலும், செல்லோடேப் ஒட்டாமலும், லேமினேஷன் செய்யச் சொல்லும் கடைகளுக்குக் கொடுக்காமலும் இருங்கள். நிமிர்த்தி நிறுத்தாமல் படுக்கையாக வைத்து, பழுப்பேறிய பக்கங்களுக்கு இடையே அமிலமில்லாத தாளைச் செருகுங்கள். எழுத்தின் ஓரங்களில் தாள் வெடித்திருந்தால் பக்கத்தைப் புரட்டாமல், பழைய தாளில் பழகிய ஒருவரை வீட்டுக்கே அழைத்துக் காட்டுங்கள். இரும்பு இன்னும் அரித்துக்கொண்டிருக்கிறதா என்று பார்க்க எங்களிடம் ஒரு சோதனைத் தாள் உண்டு. ஈரமாக்கி எழுத்தின்மேல் மெல்ல ஒற்றினால், அரிப்பு இருக்குமிடத்தில் இளஞ்சிவப்பு பிடிக்கும்.